சவுக்கொலியும் ஹம்சத்வனியும்: ரித்விக் கட்டக்கின் திரையிசை பற்றிச் சில குறிப்புகள்

கலைத் திரைப்படங்களில் இசைப் பரிசோதனை பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் புதிய கருவிகளையும் மின்னொலிகளையுமே எடுத்துக்காட்டுவர். வங்க நெறியாளர் ரித்விக் கட்டக்கின் (1925–1976) பரிசோதனை அத்தகையதன்று. மக்கள் நன்கறிந்த பாடல்களையும் இராகங்களையும் எடுத்து, அவை தரும் ஆறுதலைக் குலைக்கும் ஓசைகளோடு அவற்றை மோதவிட்டார். 1947 ஆம் ஆண்டுப் பிரிவினையிற் கிழக்கு வங்கத்தை இழந்த அவருக்கு இது வெறும் உத்திப் பிரச்சினையன்று.

‘மேகே டாகா தாரா’ (1960), கல்கத்தாவின் புறத்தே அகதிக் குடியிருப்பொன்றில் உழைத்துக் குடும்பத்தைத் தாங்கி, ஈற்றிற் காசநோய்க்கு இரையாகும் நீதாவின் கதை. இசையமைத்த ஜோதிரிந்திர மொய்த்ரா, கட்டக்கைப் போலவே இந்திய மக்கள் நாடக மன்றத்திலிருந்து வந்தவர். நீதாவின் தமையன் பாடும் ஹம்சத்வனி, இராமசுவாமி தீட்சிதர் ஆக்கியதாகக் கொள்ளப்படும் இராகம். அதற்குக் குரல் கொடுத்த ஏ. ரி. கானனும் சென்னையிற் பிறந்தவரே. இத்தொடர்பிலிருந்து பெரிய முடிபெதனையும் பெற நாம் விழையவில்லை. எனினும் தமிழ் வாசகர் அறிந்திருக்கத்தக்கது.

காதலன் வேறொருத்தியை நாடிவிட்டதை அறிந்து நீதா படியிறங்கும்போது சவுக்கடியின் ஓசை கேட்கிறது. காட்சியிற் சவுக்கு இல்லை. பின்னர் தமையனுடன் அவள் தாகூரின் பாடலொன்றைப் பாடும்போதும் அவ்வோசை எழுகின்றது. இதனை மிகையுணர்ச்சி எனத் தள்ளுவோர் உளர். எமக்கு அது உடன்பாடன்று. முதன்முறை அவள் உள்ளத்தின் வேதனையைச் சுட்டிய ஒலி, இரண்டாம் முறை இசையின் உறுப்பாகிவிடுகின்றது. தாகூரின் பாடல் மத்தியதர வர்க்க வங்காளியின் பண்பாட்டுச் சொத்து. அதன்மீது அடி விழும்போது, ஒருத்தியின் உழைப்பை உண்டு வாழும் அவ்வீட்டின் பண்பாடே விசாரணைக்குள்ளாகின்றது. உமையைப் பிரியும் தாயின் நாட்டார் பாடலும் இப்படத்தில் ஒலிக்கின்றது. ஆனால் நீதாவை அவ்வீடு அனுப்பிவைப்பது கணவன் வீட்டிற்கன்று.

‘கோமல் காந்தார்’ (1961) என்னும் பெயரே ஒரு சுரத்தின் பெயர். கருநாடக இசையில் நாம் சாதாரண காந்தாரம் என்பது. பத்மா நதியருகே, எல்லையால் துண்டிக்கப்பட்ட இருப்புப்பாதை வழியே கமரா விரைகின்றது. கூட்டுக்குரல்கள் உயர்ந்து செல்லத் திரை இருளில் மூழ்குகின்றது. எல்லைக்கோட்டை இதைவிடக் குறைந்த சொற்களில் விளக்கிய வரலாற்று நூலை நாம் கண்டதில்லை.

‘சுபர்ணரேகா’ (1965) படத்தின் மதுச்சாலைக் காட்சியில், ‘லா டோல்ச்சே வீட்டா’வில் இடம்பெற்ற இசை ஒலிக்கின்றது. இங்கு கட்டக் சற்று வலிந்தே சுட்டுகிறார் எனலாம். ஆனால் அக்களியாட்டத்தின் பின், போதையில் பாட்டுக் கேட்கச் செல்லும் ஈஸ்வர் எதிர்கொள்வது தன் சொந்தத் தங்கையை.