அழிவது முதல் எழுத்து மட்டும்

கோடை விடுமுறைக்குச் செஞ்சிக்கு வந்திருந்த அக்கா மகன், பீரோவின் கீழ்த்தட்டைக் குடைந்து என் பழைய பிஎஸ்பியை எடுத்துவிட்டான். பேட்டரி செத்து வருஷக்கணக்காகிறது. சார்ஜர் வயரைச் செருகியே வைத்திருந்தால் ஓடும். சுவரோரம் உட்கார்ந்து அரைமணி நேரம் நோண்டியவன் என்னிடம் வந்தான்.

"மாமா, இத நான் எடுத்துக்கவா? ஆனா உள்ள இருக்கற பழைய கேமையெல்லாம் எடுத்துட்டுக் குடு. நான் புதுசா ஏத்திக்கறேன்."

அஞ்சு நிமிஷ வேலை என்று நினைத்துத்தான் வாங்கினேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் போய்விட்டது. ஒரு விளையாட்டை நீக்குவது என்றால் என்ன என்பதற்கே ஒரு வரலாறு இருப்பது அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது.

சோனி நிறுவனம் 2004 டிசம்பர் 12 அன்று ஜப்பானில் பிஎஸ்பியை வெளியிட்டபோது அதில் 'நீக்குவது' என்ற வேலையே அநேகமாக இல்லை. விளையாட்டுகள் யூஎம்டி என்ற குட்டி வட்டில் வந்தன. பிளாஸ்டிக் கூட்டுக்குள் அடைத்த, அதிகபட்சம் 1.8 ஜிபி கொள்ளும் தகடு. முதுகுப்பக்கக் கதவைத் திறந்து வட்டை வெளியே எடுத்தால் விளையாட்டு போயிற்று, திரும்பப் போட்டால் வந்தது. கூடவே ஒரு மெமரி ஸ்டிக் உண்டு. ஆரம்பத்தில் பெட்டியோடு கொடுத்தது வெறும் 32 எம்பி. விளையாட்டில் எதுவரை வந்திருக்கிறோம் என்ற சேவ் கோப்புகளை வைக்க அது போதும். அதாவது, விளையாட்டு கம்பெனியின் தகட்டில் இருந்தது; விளையாடியவனின் கணக்கு மட்டும் அவனுடைய அட்டையில் இருந்தது.

இந்த ஏற்பாடு ஆறு மாதம்கூடத் தாங்கவில்லை. ஜப்பானில் முதலில் விற்ற கருவிகளின் 1.00 ஃபர்ம்வேர், சோனி கையெழுத்திடாத நிரல்களையும் மறுபேச்சில்லாமல் ஓட்டியது. 2005 மே மாதத்தில் யாரோ ஒருவர் அதில் 'ஹலோ வேர்ல்டு' ஓட்டிக் காட்டினார். 1.50 பதிப்பில் சோனி அந்தக் கதவை மூடியது. ஜூனில் ஸ்பெயினைச் சேர்ந்த ஒரு குழு அதையும் திறந்தது. முதலில் இரண்டு மெமரி ஸ்டிக்குகளைச் சரியான நொடியில் மாற்றிச் செருக வேண்டியிருந்தது. சில நாளிலேயே கே-எக்ஸ்ப்ளாய்ட் வந்தது. ஒரே நிரலுக்கு இரண்டு ஃபோல்டர். அதில் ஒன்றின் பெயருக்குப் பின்னால் ஒரு சதவீதக் குறி. அவ்வளவுதான் தந்திரம். ஆனால் அந்த இரண்டில் ஒரு ஃபோல்டர் கருவியின் மெனுவில் 'கரப்டட் டேட்டா' என்று ஒரு அழுக்கு ஐகானாக வந்து நிற்கும். பத்து நிரல் ஏற்றினால் பத்து அழுக்கு. மாற்றியமைத்த பிஎஸ்பியில் மக்கள் முதன்முதலில் நீக்க ஆசைப்பட்டது விளையாட்டை அல்ல, இந்த ஐகான்களைத்தான்.

அந்த ஆண்டின் கடைசியில் ஜிடிஏ லிபர்ட்டி சிட்டி ஸ்டோரீஸில் ஒரு ஓட்டை கிடைத்தது. அது இருந்தது விளையாட்டின் சேவ் கோப்பில். கோப்பை ஒரு மாதிரி கோணலாக எழுதி வைத்து, விளையாட்டை அதைப் படிக்கச் சொன்னால், நாம் சொல்லும் நிரல் ஓடத் தொடங்கும். 2007-ல் லூமினெஸ் விளையாட்டிலும் இதே கதை. செய்தி பரவியதும் அந்தப் பழைய வட்டின் விற்பனை திடீரென்று ஏறியது. கம்பெனி நமக்கென்று விட்டுவைத்த அந்தச் சின்ன இடம் வழியாகத்தான் ஆட்கள் கோட்டைக்குள் நுழைந்தார்கள்.

பிறகு டார்க் அலெக்ஸ் என்ற புனைபெயரில் இயங்கிய ஸ்பானிய நிரலாளர் சோனியின் ஃபர்ம்வேரையே பிரித்து மாற்றிக் கட்டினார். 2007 ஆகஸ்டில் 'பண்டோரா பேட்டரி' வந்தது. பேட்டரிக்குள் இருக்கும் வரிசை எண்ணை மாற்றிவிட்டால் பிஎஸ்பி தன்னைச் சர்வீஸ் சென்டரில் இருப்பதாக நினைத்துக்கொள்ளும். அப்போது மெமரி ஸ்டிக்கில் தயாராக வைத்திருப்பதை ஏற்றிக்கொள்ளும். 'செங்கல்' ஆகிப்போன கருவிகள்கூட இதனால் உயிர்பிழைத்தன. சோனி விழித்துக்கொண்டு அடுத்தடுத்த மாடல்களில் சர்க்யூட் போர்டையே மாற்றியது.

இதன் விளைவு, வட்டின் முழு நகலை ஐஎஸ்ஓ கோப்பாக அட்டையில் போட்டு விளையாடலாம் என்பது. பெரும்பாலும் அது திருட்டு நகல்தான், அதை அழகுபடுத்திச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. ஆனால் அதோடு புதிதாக ஒரு அதிகாரமும் வந்தது. முதல்முறையாக விளையாடுகிறவன் கையில் 'டெலீட்' வந்தது.

எங்கள் வீட்டுக்கு அது 2010-ல் வந்தது. அண்ணன் அப்போது சென்னையில் இன்ஜினியரிங். ரிச்சி தெருவில் செகண்ட் ஹேண்டில் ஒரு பிஎஸ்பி-1000 வாங்கிக்கொண்டு பொங்கலுக்கு வந்தான். தடியான பழைய மாடல். மைக்ரோ எஸ்டி கார்டைச் செருகும் அடாப்டர், அதில் 8 ஜிபி. "ஃபுல் லோடு தம்பி" என்று சொல்லிக் கடைக்காரர் நிரப்பிக் கொடுத்திருந்தார். கார் ரேஸ், குத்துச்சண்டை, புரியாத ஜப்பானிய எழுத்தில் நாலைந்து. நாங்கள் செய்த முதல் காரியமே அதில் பாதியை அழித்ததுதான். கேம் மெனுவில் மெமரி ஸ்டிக்கைத் திறந்து, வேண்டாததன் மேல் நின்று, முக்கோணப் பட்டன், டெலீட், ஆமாம். அண்ணன் பட்டனை அழுத்த, நான் "இது வாணாம், இது வாணாம்" என்று சொல்லிக்கொண்டிருந்தேன்.

அப்போது தெரியாத ஒன்றை இப்போது சொல்கிறேன். அட்டையில் ஒரு விளையாட்டுக்கு ஒரே இடம் இல்லை. வட்டின் நகல் 'ஐஎஸ்ஓ' ஃபோல்டரில் இருக்கும். தனி நிரல்களும் தரவிறக்கிய விளையாட்டுகளும் 'பிஎஸ்பி'க்குள் இருக்கும் 'கேம்' ஃபோல்டரில். சேவ் கோப்புகள் அதன் பக்கத்திலேயே 'சேவ்டேட்டா'வில், நாலு எழுத்தும் ஐந்து எண்ணும் சேர்ந்த ஒரு குறியீட்டுப் பெயரில். விளையாட்டை அழித்தால் சேவ் போகாது. அதை அழிக்க வேண்டுமென்றால் தனியாகப் போய் அழிக்க வேண்டும்.

2012-ல் நான் தனியாகப் போய் அழித்தேன்.

காட் ஆஃப் வார் ஏற்ற இடம் போதவில்லை. அட்டையைக் கம்ப்யூட்டரில் செருகி, அண்ணனுடைய கிரைசிஸ் கோரைத் தூக்கினேன். அவன் சென்னையில் இருந்தான், கேட்கத் தோன்றவில்லை. சுத்தமாக இருக்கட்டும் என்று 'சேவ்டேட்டா'வுக்குள்ளும் போய் அதைச் சேர்ந்த ஃபோல்டரை அழித்தேன். ஐஎஸ்ஓவை அழித்ததில் ஒரு ஜிபிக்கு மேல் இடம் கிடைத்தது. சேவை அழித்ததில் ஒரு எம்பிகூடக் கிடைக்கவில்லை. அந்த விளையாட்டில் 300 கிளை மிஷன்கள் உண்டு. அண்ணன் அதை மூன்று வருஷ லீவில், ராத்திரி போர்வைக்குள், கரண்ட் போன நேரத்தில் எல்லாம் ஆடிச் சேர்த்திருந்தான். வந்து பார்த்தவன் திட்டவில்லை. "பரவால்ல, விடுடா" என்றான். அதற்குப் பிறகு அவன் அந்தக் கருவியைத் தொட்டு நான் பார்க்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை போனது இதற்குத்தான். கார்டை லேப்டாப்பில் செருகி, அழிந்த கோப்புகளை மீட்கும் ஒரு மென்பொருளை ஓட்டினேன்.

இந்த மாதிரி அட்டைகளில் கோப்பை அழித்தால் கோப்பு அழிவதில்லை. ஃபேட் என்ற அந்தக் கோப்பு முறை 1970களில் பிறந்தது. அதில் பெயர்ப் பட்டியல் ஒன்று இருக்கும்; எந்தெந்தக் கட்டம் யாருடையது என்ற கணக்கு ஒன்று இருக்கும். டெலீட் சொன்னால் பெயரின் முதல் எழுத்து இருந்த இடத்தில் ஈ5 என்ற குறி விழும், கணக்கில் அந்தக் கட்டங்கள் 'காலி' என்று மாறும். சரக்கு அப்படியே கிடக்கும், வேறு ஏதாவது அதன் மேல் எழுதப்படும் வரை. ஈ5 என்ற குறி ஃபேட்டுக்கும் முந்தைய சிபிஎம் இயங்குதளத்திலேயே உண்டு. தொழிற்சாலையிலிருந்து வந்த வெற்று ஃபிளாப்பிகள் அந்த எண்ணால் நிரம்பியிருந்ததால் அதையே காலி என்பதற்கு அடையாளமாக வைத்துக்கொண்டார்கள் என்பார்கள்.

திரையில் வரிசையாகப் பெயர்கள் வந்தன. 'ஐகான்' என்ற கோப்பெல்லாம் '?கான்' என்று முதல் எழுத்து இல்லாமல் நின்றன. நூற்றுக்கணக்கில். மொட்டைமாடிக்கு லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு போய் உட்கார்ந்திருந்தேன், எதிரே ராஜகிரி.

அந்த மலைக்கு எத்தனை பேர் பெயர் மாற்றியிருக்கிறார்கள்! பீஜப்பூர்காரர்கள் வந்து பாதுஷாபாத் என்றார்கள். 1677-ல் சிவாஜி பிடித்தார். மராட்டியர் வாயில் அது சந்தி ஆனது. அவருடைய மகன் ராஜாராமை உள்ளே வைத்து முகலாயப் படை ஏழெட்டு வருஷம் முற்றுகையிட்டு, 1698-ல் கோட்டையைப் பிடித்தபின் தளபதி சுல்ஃபிகார் கானின் நுஸ்ரத் ஜங் பட்டத்தை வைத்து நுஸ்ரத்கட் என்றது. 1714-ல் தேசிங்கு விழுந்தான். 1750-ல் பிரெஞ்சுக்காரர், 1761-ல் ஆங்கிலேயர். ஒவ்வொருவரும் பட்டியலில் பெயரை மாற்றினார்கள். கல் அங்கேயே இருந்தது, ஊர் ஜனம் செஞ்சி என்றே சொல்லிக்கொண்டிருந்தது. 2025-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோதும் மராட்டிய ராணுவ நிலப்பரப்பு என்ற தலைப்பின் கீழ், 12 கோட்டைகளில் ஒன்றாகத்தான் அது வந்தது. தேசிங்கு கதை கேட்டு வளர்ந்த எங்களுக்கு அதில் ஒரு சின்ன மனத்தாங்கல் உண்டு.

ஆனால் எல்லாம் பெயர் மாற்றத்தோடு நிற்கவில்லை. கீழே வேங்கடரமணர் கோயிலில் இருந்த ஒற்றைக்கல் தூண்களை பிரெஞ்சுக்காரர்கள் பெயர்த்துக்கொண்டு போனார்கள். இன்று அவை புதுச்சேரிக் கடற்கரையில் காந்தி சிலையைச் சுற்றி நிற்கின்றன. பார்க்கிறவர்கள் அதன் முன் செல்ஃபி எடுக்கிறார்கள். கோயிலில் அவை நின்ற இடம் வெறுமையாக இருக்கிறது. தூண் அழியவில்லை, அது எதைத் தாங்கிக்கொண்டிருந்ததோ அது போய்விட்டது.

மென்பொருள் 2012-ன் கோப்புகள் சிலவற்றை மீட்டுக் கொடுத்தது. திறந்தால் ஒன்றும் இல்லை. ஒரு படத்தின் மேல்பாதி கார் ரேஸ், கீழ்ப்பாதி வெறும் புள்ளிகள். அண்ணனின் சேவ் இருந்த கட்டங்களில் நான் எத்தனையோ முறை எழுதிவிட்டிருந்தேன். கல்லுக்கு இருக்கும் பொறுமை கார்டுக்குக் கிடையாது.

அன்று ராத்திரி அண்ணனுக்கு ஃபோன் செய்தேன். அவன் ஓமனில் இருக்கிறான், பேச்சு பெரும்பாலும் அம்மாவின் மாத்திரைகளைப் பற்றித்தான். பிஎஸ்பியை எடுத்த கதையைச் சொன்னேன். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமில்லை.

"கடைசி மிஷன்தான்டா மிச்சம். மினர்வா. ரெண்டு தடவ தோத்தேன். மூணாவது தடவ அந்த லீவுல பாத்துக்கலாம்னு வெச்சிருந்தேன்."

"சொல்லவே இல்லியே."

"சொல்லி இன்னா பண்றது. நீ சின்னப் பையன்."

காசு கொடுத்து வாங்குகிறவர்களுக்கும் ஒரு கதவு மூடிவிட்டது. பிஎஸ்பியில் மிஞ்சியிருந்த வாங்கும் வசதியையும் 2021 ஜூலையில் சோனி நிறுத்தியது. அழித்தால் அந்தக் கருவியிலேயே திரும்ப வாங்கிக்கொள்ளலாம் என்ற நம்பிக்கையில் யாரும் இனி முக்கோணப் பட்டனை அழுத்த முடியாது.

மறுநாள் காலை அக்கா மகனைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டேன். முதலில் 'சேவ்டேட்டா' ஃபோல்டரை அப்படியே லேப்டாப்பில் காப்பி எடுத்தோம். அப்புறம் ஐஎஸ்ஓக்களை ஒவ்வொன்றாக அவனையே அழிக்கச் சொன்னேன். நடுவில் தேசி அட்டா வந்தது. 2009-ல் ஹைதராபாத் நிறுவனம் ஒன்று செய்தது. கில்லி, கபடி, பட்டம் எல்லாம் அதில் உண்டு. "இது நம்மூரு கேமா மாமா?" என்று கேட்டு அதை மட்டும் வைத்துக்கொண்டான். கடைசியாக அட்டையில் சேவ் கோப்புகள் மட்டும் மிஞ்சின, ஓட்ட விளையாட்டு இல்லாத சேவ்கள்.

"இதெல்லாம் யாருது?"

"என்னுது."

"அழிச்சுடவா?"

"அழிச்சுக்கோ, காப்பி இருக்கு. ஆனா நாளைக்கு உன் தங்கச்சிக்கு இடம் பத்தலன்னா, அவ உன்னக் கேட்டுட்டுதான் அழிக்கணும். அத அவகிட்ட இப்பவே சொல்லி வை."

சரி என்று தலையாட்டினான். முக்கோணத்தை அழுத்தினான்.