சூயஸ் வழியே போன தேயிலை

1956 ஓகஸ்ட் 16ஆம் திகதி லண்டன் லங்காஸ்டர் மாளிகையில் 22 நாடுகள் கூடின. மூன்று வாரத்துக்கு முதல், ஜூலை 26ஆம் திகதி, எகிப்தின் ஜனாதிபதி நாசர் சூயஸ் கால்வாய்க் கம்பனியைத் தேசியமயமாக்கியிருந்தார். பிரித்தானியாவும் பிரான்சும் கொதித்துப்போயிருந்தன. கால்வாயை இனி யார் நடத்துவது என்று பேசத்தான் இந்தக் கூட்டம். அமெரிக்கா வந்திருந்தது, சோவியத் ஒன்றியம் வந்திருந்தது. இந்தப் பெரிய ஆட்களுக்கு நடுவில் இலங்கைக்கும் ஒரு நாற்காலி போட்டிருந்தார்கள்.

எட்டே வருடத்துக்கு முதல் சுதந்திரமடைந்த ஒரு சின்னத் தீவுக்கு அங்கே என்ன வேலை? யாருக்கெல்லாம் அழைப்பு அனுப்பினார்கள் என்று பார்த்தால் பதில் கிடைக்கிறது. கால்வாய் பற்றிய 1888ஆம் ஆண்டு உடன்படிக்கையோடு சம்பந்தப்பட்ட நாடுகள் ஒரு பகுதி. கால்வாய் வழியாக அதிகமாகக் கப்பல் விடும் நாடுகள் இன்னொரு பகுதி. மூன்றாவது பகுதி, தங்கள் வியாபாரத்துக்கு அந்தக் கால்வாயையே நம்பியிருக்கும் நாடுகள். இலங்கை அதில்தான் வந்தது. அந்தக் காலத்தில் இலங்கையின் வியாபாரம் என்றால் தேயிலை, இறப்பர், தெங்கு. ஏற்றுமதி வருமானத்தில் பாதிக்கும் மேல் தேயிலை. அந்தத் தேயிலையை ஆகக் கூடுதலாக வாங்கியது பிரித்தானியா. ஆக, லண்டனில் போட்ட அந்த நாற்காலி தேயிலை வாங்கிக் கொடுத்த நாற்காலி.

நாங்கள் பரீட்சைக்குப் படித்த சூயஸ் குறிப்புகளில் நாசர் இருந்தார், ஈடன் இருந்தார், ஐசன்ஹோவர் இருந்தார். தேயிலை இருக்கவில்லை. ஆனால் பதுளையில் இருந்து பார்த்தால் வழி நேராகத் தெரிகிறது. 1924இல் ரயில் பாதை பதுளை வரை வந்துவிட்டது. பதுளை, தெமோதர, பண்டாரவளை, ஹப்புத்தளை ஸ்டேஷன்களில் ஏற்றிய தேயிலைப் பெட்டி கொழும்புத் துறைமுகம் போய், அங்கிருந்து செங்கடல், சூயஸ், மத்தியதரைக் கடல் தாண்டி லண்டன் ஏலத்துக்குப் போகும். அந்தக் கால்வாய் அடைபட்டால் கப்பல் ஆப்பிரிக்காவைச் சுற்றி நன்னம்பிக்கை முனை வழியாகத்தான் போக வேண்டும். கொழும்புக்கும் லண்டனுக்கும் இடையில் 3000 கடல் மைலுக்கு மேல் கூடிவிடும். கூலி, காப்புறுதி எல்லாம் ஏறும்.

இனி அந்தக் கொழுந்தைப் பறித்த சனத்தைப் பாருங்கள். 1947 தேர்தலில் இலங்கை இந்தியர் காங்கிரஸ் 7 பேரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியிருந்தது. அடுத்த வருடமே 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் வந்தது. அதன் பிறகு வாக்காளர் பட்டியலில் இருந்து தோட்டத்து ஆட்களின் பெயர்கள் வெட்டப்பட்டன. 1952 தேர்தலில் லயத்துச் சனத்தில் பெரும்பாலானவர்களுக்கு ஓட்டு இல்லை. 1956இல் இலங்கை லண்டன் மேசையில் உட்கார்ந்திருந்தபோது, அந்த இடத்தைச் சம்பாதித்துக் கொடுத்த ஊவா, நுவரெலியா தோட்டத்துச் சனத்தில் பெரும்பாலானவர்களுக்குச் சொந்தமென்று சொல்ல ஒரு நாடு கிடையாது.

அந்த மேசையில் இலங்கை என்ன சொன்னது? அமெரிக்க வெளிவிவகாரச் செயலாளர் டலஸ், கால்வாயை ஒரு சர்வதேச சபை நடத்த வேண்டும் என்று ஒரு திட்டம் வைத்தார். இந்தியாவின் கிருஷ்ண மேனன் வேறு திட்டம் வைத்தார்: கால்வாய் எகிப்தின் கையிலேயே இருக்கட்டும், பாவிக்கும் நாடுகள் ஆலோசனை மட்டும் சொல்லட்டும். 18 நாடுகள் டலஸ் பக்கம் போயின. மாட்டோம் என்றவை நான்கு: இந்தியா, இந்தோனேசியா, சோவியத் ஒன்றியம், இலங்கை. பெரிய வாடிக்கைக்காரனின் வீட்டிலேயே உட்கார்ந்துகொண்டு அவனுக்கு எதிராகக் கை தூக்க ஒரு துணிச்சல் வேண்டும். பிரதமர் எஸ்.டபிள்யூ.ஆர்.டி. பண்டாரநாயக்கவின் அந்தத் துணிச்சலை நாங்கள் குறைத்துச் சொல்ல மாட்டோம்.

மிச்சக் கதை தெரிந்ததுதான். ஒக்டோபர் 29ஆம் திகதி இஸ்ரேல் சினாய்க்குள் நுழைந்தது. பிரித்தானியாவும் பிரான்சும் இரண்டு நாள் கழித்துக் குண்டு போட்டன, நவம்பர் 5ஆம் திகதி போர்ட் சயிட்டில் பரசூட் படையை இறக்கின. எகிப்து கப்பல்களை மூழ்கடித்துக் கால்வாயை அடைத்தது. இதில் ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். பிரித்தானியாவை நிறுத்தியது எகிப்தின் பட்டாளம் கிடையாது. மொஸ்கோவில் இருந்து புல்கானின் மிரட்டிக் கடிதம் எழுதினார். அதைவிடப் பெரிய அடி வொஷிங்டனில் இருந்து வந்தது. ஸ்ரேலிங் பவுண் விழுந்துகொண்டிருந்தது, அதைத் தாங்கிப் பிடிக்க ஐசன்ஹோவர் மறுத்துவிட்டார். படையைத் திருப்பினால்தான் உதவி என்ற நிலை. டிசம்பர் 22ஆம் திகதி கடைசிப் பிரித்தானிய, பிரெஞ்சுப் படைகள் கப்பல் ஏறின. மத்திய கிழக்கில் பழைய துரைமார் போய்ப் புதிய இரண்டு துரைமார் வந்தது அந்த எட்டு வாரத்தில்தான் என்று சொல்லலாம்.

ஐ.நா.வில் இலங்கை எகிப்தின் பக்கம் நின்றது. நவம்பர் 2ஆம் திகதி பொதுச்சபை போர்நிறுத்தம் கேட்டு நிறைவேற்றிய தீர்மானத்துக்கு 64 நாடுகள் ஆதரவு, 5 எதிர்ப்பு. ஆதரித்தவற்றில் இலங்கையும் ஒன்று. சினாய்க்கு அனுப்பிய ஐ.நா. அவசரப் படைக்கு ஒரு ஆலோசனைக் குழு போட்டார்கள், அதில் இருந்த ஏழு நாடுகளில் இலங்கைக்கும் இடம் கிடைத்தது. ஐ.நா.வில் சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகாத நாட்டுக்கு இது சின்ன விஷயம் இல்லை. அடுத்த வருடம், 1957 ஒக்டோபரில் திருகோணமலைக் கடற்படைத் தளத்தையும் நவம்பரில் கட்டுநாயக்க விமானத் தளத்தையும் பிரித்தானியா திருப்பித் தந்தது.

எல்லாம் சரி. எங்களுக்கு உறுத்துவது வேறு இடம். எகிப்தின் இறைமைக்காக லண்டனில் கை தூக்கிய அதே அரசாங்கத்தின் தனிச் சிங்களச் சட்டம், நாசர் கால்வாயை எடுப்பதற்கு மூன்று வாரத்துக்குச் சற்றுக் குறைவான நாட்களுக்கு முதல்தான் சட்டமாகியிருந்தது. 1948இல் குடியுரிமை பறித்த அமைச்சரவையிலும் பண்டாரநாயக்க இருந்தார். அண்டை வீட்டுக்காரனின் கொடுமைக்கு எதிராகத் தெருவில் நின்று பேசிவிட்டு, வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்திக்கொள்கிற ஆள் மாதிரி. இதற்காக அவருடைய வெளிநாட்டுக் கொள்கை பொய் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. இரண்டும் ஒரே ஆள் செய்தது, இரண்டையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்கிறோம்.

இன்னொரு ஒற்றுமையும் இருக்கிறது. லண்டன் மாநாட்டுக்கு எகிப்து வரவில்லை. சொந்தக்காரன் இல்லாமலே சொத்தைப் பற்றிப் பேசினார்கள். எட்டு வருடம் கழித்து, 1964 ஒக்டோபர் 30ஆம் திகதி, சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஒரு ஒப்பந்தத்தில் கையெழுத்து வைத்தார்கள். 9 இலட்சத்து 75 ஆயிரம் பேரைப் பங்கு பிரித்தார்கள். 5 இலட்சத்து 25 ஆயிரம் பேர் இந்தியாவுக்கு, 3 இலட்சம் பேர் இலங்கைக்கு, மிச்சம் ஒன்றரை இலட்சம் பேரைப் பிறகு பார்ப்போம் என்றார்கள். அந்தச் சனத்திடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அணிசேரா நாடுகள் இரண்டு, வல்லரசுகள் தங்களிடம் எதைச் செய்யக்கூடாது என்று மேடை மேடையாகப் பேசினவோ, அதையே லயத்துச் சனத்துக்குச் செய்தன.

1967 ஜூன் யுத்தத்தில் கால்வாய் மறுபடி அடைபட்டது. இந்தத் தடவை எட்டு வருடம், 1975 ஜூன் 5 வரை. ஆனால் எங்கள் ஆட்கள் மறக்காத அடி கால்வாயால் விழவில்லை, எண்ணெயால் விழுந்தது.

1973 ஒக்டோபர் 6ஆம் திகதி எகிப்தும் சிரியாவும் இஸ்ரேலைத் தாக்கின. சோவியத் ஒன்றியம் ஒரு பக்கத்துக்கு ஆயுதம் அனுப்பியது, அமெரிக்கா மறு பக்கத்துக்கு விமானம் விமானமாக இறக்கியது. 17ஆம் திகதி அரபு எண்ணெய் நாடுகள் உற்பத்தியைக் குறைப்பதாக அறிவித்தன, அமெரிக்காவுக்குத் தடையும் வந்தது. பீப்பாய் 3 டொலர் அளவில் இருந்த மசகு எண்ணெய் 1974 ஜனவரியில் 11 டொலரைத் தாண்டியது. சிறிமாவோ அரசாங்கம் 1970இலேயே இஸ்ரேலோடு இருந்த உறவை நிறுத்தியிருந்தது, அரபு நாடுகளின் நண்பன் என்று பெயர் எடுத்திருந்தது. ஆனால் விலை எல்லோருக்கும் ஏறியது. சபுகஸ்கந்த சுத்திகரிப்பு நிலையம் ஓட மசகு எண்ணெய் வெளியில் இருந்துதான் வர வேண்டும். அதற்கு முந்திய வருடமே சோவியத் ஒன்றியம் அமெரிக்காவிடம் பெருந்தொகை கோதுமை வாங்கியிருந்தது, உலகச் சந்தையில் தானிய விலையும் எகிறியிருந்தது. தேயிலை விலையோ பெரிதாக ஏறவில்லை. அதே தேயிலையை விற்று முன்னளவு எண்ணெயும் மாவும் வாங்க முடியவில்லை.

கூப்பன் அரிசி குறைந்தது, சீனி குறைந்தது, கோதுமை மா விலை ஏறியது, பாணுக்கு வரிசை. அரிசியை ஒரு மாவட்டத்தில் இருந்து இன்னொரு மாவட்டத்துக்குக் கொண்டுபோகக் கட்டுப்பாடு, வழியில் மறித்துச் சோதனை. நாடு முழுக்கக் கஷ்டம்தான், மறுக்கவில்லை. ஆனால் கிராமத்து ஆளுக்கு வீட்டைச் சுற்றிக் கொஞ்சம் நிலம் இருந்தது. மரவள்ளி நடலாம், பலாக்காய் பறிக்கலாம். லயத்து ஆளுக்கு இருந்தது காம்பராவும் நாட்சம்பளமும். கண் எட்டும் தூரம் பச்சை, அதில் தின்ன ஒன்றும் இல்லை. ரொட்டிதான் சாப்பாடு, மா கைக்கு எட்டாமல் போனது. 1974இல் தோட்டப்புறத்தில் சாவு வீதம் சடுதியாக ஏறியது. எங்க அப்பாயிமார் இதை எண்ணெய் நெருக்கடி என்று சொல்ல மாட்டாங்க. பஞ்சம்னுதான் சொல்லுவாங்க, அதுவும் சிறிமா காலத்துப் பஞ்சம்னு. இந்தியாவுக்கு எழுதிக் கொடுக்கலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருந்த குடும்பங்களை அந்தப் பசி பிடித்துத் தள்ளியது. தலைமன்னாருக்கு அவர்களை ஏற்றிப்போன ரயிலைத்தான் அழுகைக் கோச்சி என்றார்கள்.

பஞ்சத்துக்கு அரபு யுத்தம் மட்டுமே காரணம் என்று எழுதினால் அது பொய். பங்கீட்டுக் கொள்கை இங்கே போட்டது, குடியுரிமை இங்கே பறித்தது. வெளியில் இருந்து வந்த அடி ஒன்று, அது யார் முதுகில் விழ வேண்டும் என்று முடிவு செய்தது இங்கே.

அந்த எண்ணெய்ப் பணம் வளைகுடாவில் குவிந்த பிறகு அங்கே இரண்டு சாமான் இங்கிருந்து போனது: தேயிலையும் ஆளும். மத்திய கிழக்கு நல்ல விலை கொடுத்து வாங்கியது பெரும்பாலும் நல்ல சாயம் இறங்கும் தாழ்நிலத் தேயிலையை. இரத்தினபுரி, காலி, மாத்தறைப் பக்கத்துச் சிறுதோட்டக்காரர்கள் அதில் நிமிர்ந்தார்கள். ஜூலை முதல் செப்டம்பர் வரை உலர்காற்று வீசும்போது வாசம் ஏறும் ஊவாத் தேயிலையின் சந்தை வேறு. எண்ணெய் விலை மலை ஏறி வந்தது, எண்ணெய்ப் பணம் அடிவாரத்தோடு நின்றுகொண்டது. ஆட்கள் மட்டும் மலையில் இருந்தும் போனார்கள். 1990 ஓகஸ்ட் 2ஆம் திகதி சதாம் ஹுசைன் குவைத்துக்குள் நுழைந்தபோது அங்கே மாட்டிக்கொண்ட பல பத்தாயிரம் இலங்கையரில் வீட்டுவேலைக்குப் போன பெண்கள் நிறையப் பேர். பாலைவனத்தைத் தாண்டி ஜோர்தான் முகாம்களுக்குப் போய்ச் சேர்ந்த அவர்களின் கதையை யாராவது சரியாக எழுத வேண்டும். இந்தக் கட்டுரையில் அதற்கு இடம் போதாது.

ஈரான் அரபு நாடு இல்லை. ஆனால் இந்தக் கதை இன்றைக்கு எங்கள் மாவட்டத்தில் வந்து நிற்பது அங்கேதான். உமா ஓயாத் திட்டம் ஈரானின் ஃபராப் கம்பனி கட்டியது. ஜனாதிபதி அஹ்மதிநெஜாத் 2008 ஏப்ரலில் வந்து ஆரம்பித்து வைத்தார், பெரும்பகுதிக் கடன் ஈரான் தருவதாகப் பேச்சு. அமெரிக்கத் தடைகள் இறுகியதும் அந்தப் பணம் பாதியில் நின்றது, மிச்சத்தை இலங்கையே போட வேண்டி வந்தது. சுரங்கம் தோண்டும்போது 2014 டிசம்பரில் நீர் பீறிட்டது. பண்டாரவளைப் பக்கம் கிணறுகள் வற்றின, வீட்டுச் சுவர்கள் வெடித்தன. 2017இல் பண்டாரவளையில் சனம் தெருவில் இறங்கியது. 120 மெகாவாட் மின்நிலையத்தை 2024 ஏப்ரல் 24ஆம் திகதி ஈரான் ஜனாதிபதி ரைசி வந்து திறந்து வைத்தார். ஒரு மாதம் முடியுமுன் ஹெலிகொப்டர் விபத்தில் இறந்துபோனார்.

அதே தடைகளால் இன்னொரு கணக்கும் இழுபட்டது. பெற்றோலியக் கூட்டுத்தாபனம் 2012க்கு முதல் ஈரானிடம் வாங்கிய எண்ணெய்க்குச் சுமார் 25 கோடி டொலர் பாக்கி. வங்கி வழியாக அனுப்ப முடியவில்லை. 2021 டிசம்பரில் ஒரு வழி கண்டுபிடித்தார்கள்: மாதம் 50 இலட்சம் டொலர் பெறுமதியான தேயிலை ஈரானுக்குப் போகும், ஏற்றுமதியாளருக்கு இங்கே கூட்டுத்தாபனம் ரூபாயில் காசு கொடுக்கும். டொலர் எங்கேயும் கை மாறாது, வொஷிங்டனும் ஒன்றும் சொல்ல முடியாது. அந்தக் கணக்கில் கடன் தீர 50 மாதம் பிடிக்கும். அதே 2021 மார்ச்சில்தான், பல வருட இழுபறிக்குப் பிறகு, தோட்டத் தொழிலாளியின் நாட்சம்பளம் 1000 ரூபாய் என்று வர்த்தமானியில் வந்தது. கம்பனிகள் அதற்கு எதிராகக் கோர்ட்டுக்குப் போயின.