எழினியின் இயக்கர்

ஆரணியிலிருந்து போளூர்ப் பக்கம் போய், வடமாதிமங்கலத்தை ஒட்டிய திருமலைக்கு வருகிறவர்கள் 16 மீட்டர் உயரமுள்ள சமணத் தீர்த்தங்கரர் நேமிநாதர் சிலையை அண்ணாந்து பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவார்கள். வரலாறு படித்தவர்களானால், முதலாம் ராசேந்திரன் கங்கை வரை வென்ற சேதியைச் சொல்லும் மெய்க்கீர்த்தியையும் தேடுவார்கள். எனக்கு இந்த மலையில் பெரிதாகப்படுவது ஓர் இயக்கன், ஓர் இயக்கி ஆகிய இரண்டு சிலைகளின் கதை. அதைச் சொல்லும் கல்வெட்டு தமிழிலும் வடமொழியிலும் இங்கேயே இருக்கிறது.

சமணத்தில் இயக்கனும் இயக்கியும் தீர்த்தங்கரருக்குக் காவல் நிற்பவர்கள். இந்த இருவரையும் செய்துவைத்தவன் சேர மரபினனான அதிகைமான் எழினி என்கிறது கல்வெட்டு. தகடூரை, அதாவது இன்றைய தருமபுரியை, ஆண்ட அதியமான் குடியில் எழினி என்பது வழிவழியாக வந்த பெயர். ஔவைக்கு நெல்லிக்கனி தந்த நெடுமான் அஞ்சியின் மகனும் பொகுட்டெழினிதான். துறவிகளை ஆதரிப்பது அந்தக் குடிக்குப் புதியதல்ல. திருக்கோவலூர் அருகே ஜம்பையில் 1981இல் கண்டெடுத்த தமிழ்ப் பிராமிக் கல்வெட்டு, நெடுமான் அஞ்சி குகை உறைவிடம் கொடுத்ததைப் பதிவு செய்கிறது.

எழினிக்குப் பின் சிலைகளைக் கவனிக்க ஆளில்லாமல் போயிற்று. அவை சிதைந்தன. மீண்டும் அவற்றைத் தூக்கி நிறுத்தியவன், மூன்றாம் குலோத்துங்கனுக்கு (1178–1218) அடங்கிய சிற்றரசன் விடுகாதழகிய பெருமாள். தகடூர்க்காரன்தான். தகப்பன் பெயர் ராசராச அதிகன். சோழப் பேரரசனின் பெயரையே முன்னால் சூடிக்கொண்ட குறுநிலத் தலைவன். மகன் இயக்கனையும் இயக்கியையும் சீர்செய்து மலைமேல் ஏற்றினான். கோயிலுக்குச் சேமக்கலம் என்னும் மணி ஒன்று கொடுத்தான். கடப்பேரிக்குக் கால்வாயும் வெட்டுவித்தான்.

சிலை, மணி, தண்ணீர் என்று மூன்றையும் சேர்த்தே பொறித்திருக்கிறார்கள். இருந்தாலும் கல்வெட்டின் அழுத்தம் சிலைகள்மேல்தான். காரணம் பக்தி மட்டும் என்று நான் நம்பவில்லை. அந்தக் காலத்துச் சிற்றரசன் பாடு லேசானதல்ல. மேலே சோழன், பக்கத்தில் தன்னைப்போலவே படை வைத்திருக்கும் மற்றத் தலைவர்கள். கரிகாலசோழ ஆடையூர் நாடாழ்வானோடும் செங்கேணி அம்மையப்பன் அத்திமல்லனோடும், உயிருள்ளவரை ஒருவருக்கொருவர் மாறாக நடப்பதில்லை என்று விடுகாதழகியன் செய்த உடன்படிக்கையைச் செங்கத்தில் கல்லிலேயே வெட்டிவைத்தார்கள். வாய்ச்சொல்மேல் நம்பிக்கைக்கு அத்தனை பஞ்சம்!

அப்படிப்பட்டவனுக்குச் சோழன் கொடுக்காத ஒரு மதிப்பு தேவைப்பட்டது. ஆரணியில் தறிக்காரர்கள் தீரப்போகும் பாவின் நுனியில் புதுப்பாவை இழை இழையாகப் பிணைப்பார்களே, அதைப்போலத் தன் பெயரை எழினியின் பெயரோடு பிணைத்துக்கொண்டான். எழினி சேர மரபு என்றால் தானும் சேர மரபு. இதில் ஒரு வேடிக்கை உண்டு. தகடூர்க் கோட்டையைத் தகர்த்தவனே ஒரு சேரன், பெருஞ்சேரல் இரும்பொறை. ஆயிரம் ஆண்டு கழிந்தபின் அந்தப் பகையை யார் நினைத்தார்கள்? பரம்பரைப் பெருமைக்குச் சேரன் என்ற பெயர் உதவியது, எடுத்துக்கொண்டான். அதற்காக அவனைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. புதிதாகத் தன் பெயரில் ஒரு சிலை வைப்பது எளிது. இவனோ வேறொருவன் வைத்ததைச் செப்பனிட்டு, அவன் பெயரையும் மறைக்காமல் எழுதியிருக்கிறான்.

அதிகைமான்கள் அதன்பின் மெல்ல மறைந்தார்கள். உடன்படிக்கையின் மறுபக்கத்தில் நின்ற செங்கேணிக் குடியே மேலெழுந்தது. அவர்களே ஆரணிக்கு அருகிலுள்ள படைவீட்டில் தனியரசு நடத்திய சம்புவராயர்கள். அவர்களுள் ராசநாராயணனின் 12ஆம் ஆட்சியாண்டில் இதே மலையில் இன்னொரு திருமேனி எழுந்தருளியது. விகார நாயனார் பொன்னெயில்நாதர் என்று அதற்குப் பெயர். வைத்தது அரசனும் அல்ல, அவனுக்கு அடங்கிய தலைவனும் அல்ல. பொன்னூரைச் சேர்ந்த மண்ணை பொன்னாண்டையின் மகள் நல்லாத்தாள்.