ரத்தத்தில் வருவது எது, வராதது எது?

 

"தோட்டத்துப் பிள்ளைக்குப் படிப்பு ஏறாது, அது ரத்தத்திலேயே இல்லை." மலையகத்தில் படிப்பிக்கும் நாங்கள் இந்த வசனத்தை எத்தனையோ தடவை கேட்டிருக்கிறோம். புலமைப்பரிசில் முடிவுகள் வரும் நாட்களில் இன்னும் கூடுதலாகக் கேட்கும். வெளியாட்கள் சொன்னால் கோபம் வருகிறது. பெற்றோரே சொல்லும்போது நெஞ்சு கனக்கிறது.

மனிதனின் குணமும் நடத்தையும் பிறப்பிலேயே எழுதப்பட்டு வருகின்றனவா? இந்தக் கேள்விக்கு எங்கள் நாட்டிலேயே ஒரு வரலாறு இருக்கிறது. முதல் மனிதர் பற்றி மார்க்கம் சொல்வது, விஞ்ஞானம் சொல்வது என்ற விவாதத்துக்குள் இங்கே நாங்கள் போகவில்லை. நடத்தை பற்றி மட்டும் பேசுவோம்.

ஜெர்மனியில் டார்வினின் கொள்கையைப் பரப்பிய ஏர்ன்ஸ்ட் ஹெக்கல் 1881இல் இலங்கைக்கு வந்தார். அடுத்த வருடம் நுவரெலியாவுக்கும் ஹோட்டன் சமவெளிக்கும் போனார். உயிரினங்கள் பற்றி நிறையக் கற்றறிந்த மனிதர்தான். ஆனால் மனித இனங்களை ஏணிப்படி போல அடுக்கி, ஐரோப்பியரை உச்சியில் வைத்தவரும் அவரே. அவருக்குப் பின் வந்த சுவிட்சர்லாந்து உறவினர்கள் போல் சரசின், பிரிட்ஸ் சரசின் இருவரும் வேடர்களின் மண்டையோடுகளை அளந்தார்கள். 1892, 93இல் வெளியிட்ட நூலில் வேடர்களை அந்த ஏணியின் கீழ்ப்படியில் வைத்தார்கள்.

தோட்டங்கள் பெருகிய காலமும் அதுதான். 1867இல் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தேயிலை போட்டார். துரை, கணக்கப்பிள்ளை, கங்காணி, தொழிலாளி என்று தோட்டமே ஓர் ஏணியாக நின்றது. மேலே இருந்தவனுக்கு "இவன் பிறப்பே உழைக்கத்தான்" என்ற எண்ணம் மிகவும் வசதியாக இருந்தது. விஞ்ஞானத்தின் பெயரில் ஒருவர் அதையே சொன்னால் யார் மறுப்பது?

பிறகு வந்த விஞ்ஞானம் என்ன சொன்னது? பொலன்னறுவையில் வுல்ப்காங் டிட்டஸ் என்ற ஆய்வாளர் 1968 முதல் எங்கள் நாட்டுக் குரங்குகளை, சிங்களத்தில் ரிலவா என்று சொல்லும் இனத்தை, பல தலைமுறையாகக் கவனித்து வந்தார். அந்தக் கூட்டத்தில் தாயின் தகுதிதான் மகளின் தகுதி. மேல்நிலைக் குரங்கு நல்ல மரத்தில் இருந்து கீழ்நிலைக் குட்டியை விரட்டும். கன்னப் பையில் குட்டி அடக்கி வைத்த உணவைக்கூட வாயைத் திறந்து எடுத்துவிடும். கீழ்நிலைக் குட்டிகள் கூடுதலாகச் சாகின்றன. பிறவியிலேயே பலவீனம் என்பதால் அல்ல. சாப்பாட்டில் இருந்து தள்ளப்படுவதால்.

இதை வாசிக்கும்போது எங்களுக்கு லயங்கள்தான் ஞாபகம் வருகின்றன. 2016 குடித்தொகை, சுகாதார ஆய்வின்படி ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் வயதுக்கேற்ற உயரம் இல்லாதவர்கள் நாடு முழுவதிலும் சுமார் 17 வீதம். தோட்டப்புறத்தில் சுமார் 32 வீதம். இதைப் பார்த்து "ரத்தம்" என்று சொல்வதா, "தட்டு" என்று சொல்வதா?

அதே குரங்குகளிடம் இன்னொரு பழக்கமும் உண்டு. நிறைய உணவு கிடைக்கும் இடத்தைக் கண்ட குரங்கு ஒரு தனிக் குரல் கொடுக்கும். சிதறியிருக்கும் கூட்டம் ஓடி வந்து சாப்பிடும். பறிப்பதும் இயற்கையில் இருக்கிறது, கூப்பிட்டுக் கொடுப்பதும் இருக்கிறது.

மனிதன் இந்த இரண்டாவதை வெகுதூரம் வளர்த்தான். ஹட்டனில் இருந்து கினிகத்தேனை வழியாகக் கொழும்புக்குப் போகும் பஸ்ஸில் நாங்கள் கித்துல்கலையைத் தாண்டுகிறோம். அங்கே பெலிலென குகையை சிரான் தெரணியகல அகழ்ந்தார். சுமார் 30,000 வருடங்களுக்கு முந்திய சிறிய கற்கருவிகள் கிடைத்தன. கடற்கரையில் இருந்து உப்பு கொண்டுவந்ததற்கான சான்றும் கிடைத்தது. அந்த மழைக்காட்டில் உப்பைத் தூக்கி வர வழி தெரிந்தவன் வேண்டும், சுமப்பவன் வேண்டும், ஒருவரை ஒருவர் நம்ப வேண்டும். கற்கருவி செய்யும் கையைக்கூட யாரும் பிறக்கும்போது கொண்டு வருவதில்லை. பெரியவர் தட்டுவதைப் பார்த்துப் பிள்ளை தட்டிப் பழக வேண்டும்.

ரத்தத்தில் வருவது இதுதான்: பழகிக்கொள்ளும் ஆற்றல். பிறக்கும்போது மனிதக் குழந்தையின் மூளை வளர்ந்தவரின் மூளையில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை. மிச்சம் தாயின் மடியிலும் வீட்டிலும் வகுப்பறையிலும் வளர்கிறது. உலகில் எந்த இரண்டு மனிதரை எடுத்தாலும் மரபணுவில் சுமார் 99.9 வீதம் ஒன்றுதான்.

எங்கள் அறிஞர் இப்னு கல்தூன் 1377இல் எழுதிய முகத்திமாவில் இதற்கு நெருக்கமான ஒன்றைச் சொன்னார். மனிதனை ஆக்குவது பிறவிக் குணத்தைவிட அவன் பழகிய வழக்கமே என்பது அவர் கருத்து. ஹாமின் சந்ததி சபிக்கப்பட்டதால்தான் கறுப்பானது என்ற கதையை மறுத்து, அது வெப்பநிலையால் வந்தது என்றார். அவரும் சில மக்களைப் பற்றித் தன் காலத்து முன்முடிவுகளோடு எழுதியவர்தான். ஆனாலும் அந்தக் கதையை அவர் ஏற்கவில்லை.

1948 குடியுரிமைச் சட்டம் எங்கள் மலையகத் தமிழ் உறவுகளை நாடற்றவர்கள் ஆக்கியது. தோட்டப் பாடசாலைகளை அரசு படிப்படியாகப் பொறுப்பேற்றது 1970களில்தான். அதுவரை பல இடங்களில் ஓர் அறை, ஓர் ஆசிரியர், சில வகுப்புகள். அந்த நிலையில் இருந்து எத்தனை ஆசிரியர்கள், வைத்தியர்கள், சட்டத்தரணிகள் வந்துவிட்டார்கள்! இரண்டு தலைமுறைக்குள் ரத்தம் மாறுமா? கதவு திறந்தது, அவ்வளவுதான்.

ஆகவே பெற்றோரிடம் ஒரு வேண்டுகோள். கொழுந்து எடுத்துக் களைத்து வந்தாலும், கடை பூட்டிவிட்டு வந்தாலும், பிள்ளையின் காதில் விழ "இவனுக்கு ஏறாது" என்று சொல்லாதீர்கள். ஆசிரியர்களாகிய நாங்களும் சொல்லக் கூடாது. பழகிக்கொள்ளப் பிறந்த பிள்ளை அந்தச் சொல்லையும் பழகிக்கொள்ளும்.