உத்திரமேரூர்: ஊரும் ஏரியும் கணக்கும்

சான்றோர் வாழும் நாடெனப் பண்டு தொட்டுப் புகழ்பெற்றது தொண்டை நாடு. அந்நாட்டின் இருபத்து நான்கு கோட்டங்களுள் ஒன்று காலியூர்க் கோட்டம். அக்கோட்டத்தில் தனிக்கூறாக எண்ணப்பெற்ற பெருமையுடையது உத்தரமேருச் சதுர்வேதிமங்கலம். காஞ்சிமாநகருக்குத் தெற்கே, சென்னையிலிருந்து ஏறத்தாழ 90 கிலோமீட்டர் தொலைவில், உத்திரமேரூர் என்னும் சிறு பேரூராட்சியாக இன்றும் அவ்வூர் திகழ்கின்றது. ஊர் சிறிது, ஆயினும் அது கல்லில் எழுதி வைத்த செய்தி பெரிது. திருப்பணிக்குப் பொருள் ஈந்தும் உடலால் உழைத்தும் தொண்டாற்றிய அன்பர்கள் அச்செய்தியை ஒருமுறை எண்ணிப் பார்த்தல் நலம்.

முதற்கண் நிலத்தைக் காண்போம். சவ்வாது மலையில் தோன்றும் செய்யாறு, இப்பகுதியின் வழியே வந்து, திருமுக்கூடலில் பாலாற்றோடும் வேகவதியோடும் கூடுகின்றது. அஃது ஆண்டு முழுதும் நீர் பெருகும் ஆறன்று. ஐப்பசி, கார்த்திகை மழையில் வரும் வெள்ளத்தைத் தேக்கி வைத்தாலன்றி இங்குப் பயிர் இல்லை. ஆதலின் ஊர் தோன்றிய காலத்திலேயே ஏரியும் இன்றியமையாததாயிற்று. பல்லவர் காலத்துப் பேரேரியாகிய வைரமேக தடாகம், அனுமந்தண்டலம் அணைக்கட்டின் வழியாகச் செய்யாற்று நீரைப் பெற்று, இன்றும் இவ்வட்டாரத்தின் உயிர்நிலையாக உள்ளது.

ஊரின் பழைமை, பல்லவ வேந்தன் இரண்டாம் நந்திவர்மன் ஆண்ட எட்டாம் நூற்றாண்டுக்குச் செல்கின்றது. அக்காலத்து எழுந்த சுந்தரவரதப் பெருமாள் திருக்கோயிலில் நின்ற கோலம், இருந்த கோலம், கிடந்த கோலம் ஆகிய மூன்றும் மூன்று நிலைகளில் ஒன்றன்மேல் ஒன்றாக அமைந்துள்ளன. காஞ்சியிலுள்ள பரமேச்சுர விண்ணகரமும் இவ்வமைப்பினதே. கைலாசநாதர், பாலசுப்பிரமணியர், கேதாரீசுவரர் திருக்கோயில்களும் இவ்வூரில் உள்ளன. சைவமும் வைணவமும் ஒரே ஏரி நீரை உண்டு இங்கு வளர்ந்தன என்றால் அது மிகையாகாது.

கோயிலில் விளக்கெரியவும் அமுது படைக்கவும் நிலம் விடப்பெறும். அந்நிலம் விளைய நீர் வேண்டும்; நீர் நிற்க ஏரி வேண்டும்; ஏரி தூர்ந்துவிட்டாலோ, செப்பேட்டிலும் கல்லிலும் எழுதிய அறம் எழுத்தளவாகவே நின்றுவிடும். இவ்வுண்மையை உத்திரமேரூர்ப் பெருமக்கள் நன்குணர்ந்திருந்தனர். ஏரியின் தூர் எடுப்பதற்கென்றே அறவோர் பொன் கொடுத்ததையும், அப்பொன்னைச் சபையார் ஏற்று, அதன் வட்டியைக் கொண்டு ஆண்டுதோறும் மண் எடுக்க ஒப்பியதையும் அவ்வூர்க் கல்வெட்டுகள் கூறுகின்றன. கோயிலுக்குக் கொடுப்பதும் குளத்துக்குக் கொடுப்பதும் அவர்க்கு ஒரே அறமாகவே தோன்றின.

கொடை பெருகிய இடத்தில் அதனைக் காப்பவர் யார் என்ற வினா எழுதல் இயல்பு. அவ்வினாவிற்கு விடையாக அமைந்தவை, வைகுந்தப் பெருமாள் கோயிலின் அடித்தளக் கற்களில் பொறிக்கப்பெற்ற இரு கல்வெட்டுகளாம். மதுரை கொண்ட முதற்பராந்தக சோழனின் 12-ஆம் ஆட்சியாண்டிலும் 14-ஆம் ஆட்சியாண்டிலும், அதாவது கி.பி. 919-லும் 921-லும், அவை வெட்டப்பெற்றன. தொல்லியல் துறையினர் 1898-இல் படியெடுத்த பின்னர் அவற்றின் புகழ் உலகெங்கும் பரவிற்று.

ஊர் முப்பது குடும்புகளாகப் பகுக்கப்பெற்றிருந்தது. தகுதியுடையோர் பெயர்களை ஓலையில் எழுதிக் குடும்பு வாரியாகக் கட்டிக் குடத்தில் இடுவர். சிறியோரும் முதியோரும் நிறைந்த மகாசபையின் நடுவே, கோயில் நம்பிமாருள் மூத்தவர் அக்குடத்தை எல்லோரும் காண உயர்த்துவார். உள்ளே இருப்பது இன்னதென்று அறியாத சிறுவன் ஒருவன் ஓலையை எடுத்துத் தருவான். அதனை வாங்கும் மத்தியஸ்தன், ஐந்து விரலும் அகல விரித்த உள்ளங்கையிலேயே ஏற்றல் வேண்டும். அவன் வாசித்ததை அங்கிருந்த நம்பிமார் அனைவரும் வாசித்தல் வேண்டும். விரலிடையில் வேறோர் ஓலை மறைந்துவிடலாகாது என்னும் கருத்துப் போலும்! இங்ஙனம் தெரிந்தெடுத்த முப்பதின்மருள், முன்னரே தோட்ட வாரியமும் ஏரி வாரியமும் செய்தவர்களும், கல்வியாலும் வயதாலும் முதிர்ந்தவர்களும் ஆகிய பன்னிருவர் சம்வத்சர வாரியத்தில் அமர்வர். எஞ்சியோருள் பன்னிருவர் தோட்ட வாரியம். அறுவர் ஏரி வாரியம். பதவிக்காலம் 360 நாள்களே.

தகுதி பற்றிய விதிகளுள் நம் நெஞ்சில் நிற்க வேண்டியது ஒன்றுண்டு. முன்பு வாரியம் செய்து கணக்குக் காட்டாது போனவர் மீண்டும் குடவோலைக்கு உரியர் ஆகார். அவர் மட்டுமோ? அவருடைய நெருங்கிய உறவினரும் ஆகார்! தந்தை வழி, தாய் வழி, மனைவி வழி என உறவுகளைப் பெயர் சுட்டி அடுக்கிச் செல்கின்றது கல்வெட்டு. பிறர் பொருளைக் கவர்ந்தவரும் அவ்வாறே விலக்கப்பெற்றனர். 919-இல் செய்த ஏற்பாட்டை ஈராண்டிற்குள் திருத்தி, வயது வரம்பை 30 முதல் 60 என்பதிலிருந்து 35 முதல் 70 என மாற்றியதும் கருதத்தக்கது. குறை கண்டவிடத்து விதியை மாற்ற அவர் நாணவில்லை.

அம்முறையை முற்றும் நிறைந்ததெனக் கூறுதல் பொருந்தாது. கால் வேலிக்கு மேற்பட்ட இறைநிலமும் சொந்த மனையும் மறைக்கல்வியும் உடையாரே அங்குத் தகுதி பெற்றனர். கல்வி மிக்கார்க்கு அரைக்கால் வேலியே போதுமென்ற சலுகை மட்டும் இருந்தது. ஏரியில் மண் சுமந்தோர் பெயர் குடத்தில் விழவில்லை. இன்றோ ஆண், பெண் அனைவர்க்கும் வாக்குரிமை உண்டு. உரிமை விரிந்தவாறே கணக்குக் காட்டும் கடமையும் விரிந்துள்ளதா என்பதே நாம் நம்மை வினவ வேண்டிய வினா.

அண்மைக் காலத்து நிகழ்ச்சி ஒன்றும் ஈண்டு நினைக்கத்தக்கது. 2020 டிசம்பரில் இவ்வூர்க் குழம்பேசுவரர் திருக்கோயில் திருப்பணியின்போது, கருவறைமுன் படிகளை அகற்றியவிடத்துப் பொன்னணிகள் வெளிப்பட்டன. ஊரார் அவற்றை இறைவனுக்கே உரியவையெனப் பிரிய மனமில்லாதிருந்தனர்; முடிவில் அவை அதிகாரிகளிடம் ஒப்படைக்கப்பெற்றன. ஊராரின் அன்பும் உண்மை; எடையிட்டு எழுதி வைக்கும் நெறியும் வேண்டுவதே. அன்பும் கணக்கும் பகையல்ல என்பதையே பழைய கல்வெட்டும் உரைக்கின்றது.

குடமுழுக்கு நாளில் கலசத்தின்மேல் சொரியும் நீர் ஒரு குடம். ஊரைக் காக்கும் நீர் ஓர் ஏரி. முன்னதற்குக் கொடுத்த கைகள் பின்னதற்கும் கொடுப்பனவாகுக. கொடுத்ததற்கும் பெற்றதற்கும் கணக்கு, அவ்வூர் மத்தியஸ்தனின் விரித்த உள்ளங்கை போல், எல்லோரும் காண விளங்குக. அங்ஙனம் விளங்கும் ஊரில் திருவிளக்கு அணையாது. இறையருள் என்றும் நின்று நிலவும்.