பல்லி மனிதன் ஓநாய் ஆன கதை

மார்ச் மாதக் கடைசி வாரம். வங்கியில் வேலை பார்ப்பவன் வீட்டுக்கு எத்தனை மணிக்கு வருவான் என்று அவன் மனைவிக்கே தெரியாத வாரம். அன்றைக்கு நான் நாக்பூர் வீட்டுக் கதவைத் தட்டியபோது மணி பத்தரை. பதினொன்றாம் வகுப்பு படிக்கும் பையன் கணினி முன்னால் உட்கார்ந்திருந்தான். திரையில் பச்சைத் தோலும் வாலும் கொம்பும் வைத்த ஒரு பல்லி மனிதன். தட்டில் தோசையை வைத்துக்கொண்டு பின்னால் நின்றேன். ஒரு நிமிடத்தில் அந்தப் பல்லி முதுகு வளைந்து, உடம்பெல்லாம் கறுப்பு ரோமம் முளைத்து, ஓநாயாகி ஊளையிட்டது.

"ஏன்டா, பல்லிக்கு எப்படிடா ரோமம் முளைக்கும்?"

"கேமுப்பா, லாஜிக் பாக்காதீங்க."

லாஜிக் பார்த்தே பழகிவிட்ட உத்தியோகம் நமக்கு. வவுச்சர் இல்லாமல் ஒரு பத்து ரூபாய் எழுதினாலும் கேள்வி கேட்பவன். ஏப்ரல் முதல் வாரத்தில் கொஞ்சம் மூச்சு விட்டதும் இந்தப் பல்லி விஷயத்தைத் தோண்ட ஆரம்பித்தேன். தோண்டத் தோண்ட ஐரோப்பிய வரலாறே வந்து விழுந்தது. வெளியூரில் பிள்ளை வளர்க்கும் உங்களுக்கும் பிடிக்கும் என்று நினைக்கிறேன்.

முதலில் விளையாட்டு. பெயர் ஸ்கைரிம். எல்டர் ஸ்க்ரோல்ஸ் என்ற வரிசையில் ஐந்தாவது. அமெரிக்காவின் மேரிலாந்தில் இருக்கும் பெதஸ்தா நிறுவனம் 2011 நவம்பர் 11 அன்று வெளியிட்டது. இந்த வரிசையின் முதல் விளையாட்டு அரீனா 1994-ல் வந்தது. அதிலேயே நம் பல்லி மனிதர்கள் உண்டு. ஆர்கோனியன் என்று பெயர். கறுப்புச் சதுப்பு என்ற சேற்று நாட்டுக்காரர்கள். தண்ணீருக்குள் மூச்சு விடுவார்கள். நோய் சுலபத்தில் அண்டாது. ஹிஸ்ட் என்ற மரங்களோடு அவர்கள் உயிர் பிணைந்தது. செத்தால் ஆத்மா அந்த மரத்துக்கே திரும்பிப் போகும் என்பது அவர்கள் நம்பிக்கை.

இந்தக் கற்பனை உலகத்தில் அவர்களுக்கு மரியாதை குறைவு. 2002-ல் வந்த மூன்றாவது விளையாட்டான மாரோவிண்டில், இருள் எல்ஃப் பண்ணையார்களின் தோட்டங்களில் கைவிலங்கோடு அடிமைகளாக இருப்பார்கள். விளையாடுபவர் ஆர்கோனியனாக விளையாடினால் செருப்பு, பூட்ஸ் போட முடியாது. பாதம் வேறு மாதிரி அமைந்ததால் என்று காரணம். 2006-ல் வந்த அப்லிவியனில் அந்தத் தடையை எடுத்துவிட்டார்கள். ஸ்கைரிமில் விண்ட்ஹெல்ம் என்று ஒரு பனி நகரம். ஆர்கோனியர்கள் அங்கே துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறார்கள். மதில் சுவருக்குள் குடியிருக்க அனுமதி கிடையாது. உள்ளூர் ஆட்களை விடக் கூலியும் குறைவு. (நம்ம பையன் போல விளையாடுபவர் மட்டும் தாராளமாக உள்ளே போகலாம். கதாநாயகனுக்கு எந்த ஊரிலும் தனிச் சட்டம்தானே!)

சரி, ஓநாய்க்கு வருவோம்.

மனிதன் ஓநாயாவது மிகப் பழைய கதை. ரோமானியக் கவிஞர் ஓவிட், ஏறக்குறைய கி.பி. 8-ல் முடித்த உருமாற்றங்கள் நூலில் லைகாவோன் என்ற ஆர்கேடியா நாட்டு அரசனைப் பற்றிச் சொல்கிறார். விருந்துக்கு வந்த ஜூபிடர் கடவுளைச் சோதிக்க மனித மாமிசத்தைப் பரிமாறினான். ஓநாயாகிப் போனான். அங்கே ஓநாய் வடிவம் தண்டனை. 12-ஆம் நூற்றாண்டில் மாரி த பிரான்ஸ் என்ற பெண் கவிஞர் எழுதிய பிஸ்க்லாவ்ரே கதையில் நிலைமை தலைகீழ். அதில் ஓநாயாகும் வீரன் நல்லவன். மனைவி அவன் உடைகளை ஒளித்துவைத்துவிடுவதால் மனித உருவத்துக்குத் திரும்ப முடியாமல் தவிக்கிறான். ஓநாய் உருவத்திலும் அரசனுக்கு விசுவாசமாக இருக்கிறான். உடை போனால் ஆள் அடையாளமும் போச்சு. ஸ்கைரிமிலும் ஓநாயானதும் போட்டிருந்த கவசம், உடை எல்லாம் கழன்றுவிடும். திரும்பி வந்ததும் ஒவ்வொன்றாக எடுத்து மாட்ட வேண்டும்.

இதெல்லாம் கதை. 16, 17-ஆம் நூற்றாண்டுகளில் கதை கோர்ட்டுக்குப் போனது. அங்கேதான் பயங்கரம். ஜெர்மனியில் கொலோன் அருகே பெட்பர்க் ஊரில் பீட்டர் ஸ்டும்ப் என்பவரை ஓநாய் மனிதன் என்று குற்றம் சாட்டி, சித்திரவதை செய்து, 1589 அக்டோபர் 31 அன்று கொடூரமாகக் கொன்றார்கள். அடுத்த வருடமே லண்டனில் அதைப் பற்றிக் குறும்புத்தகம் அச்சாகி விற்பனைக்கு வந்தது. 1603-ல் பிரான்சில் ழான் கிரெனியே என்ற சின்னப் பையன் தானே ஓநாய் என்று சொல்லிக்கொண்டான். போர்தோ நீதிமன்றம் அவனைக் கொல்லாமல், புத்தி பேதலித்தவன் என்று மடத்துக்கு அனுப்பியது. பதினான்கு ஆண்டுகளுக்குள் காற்று இப்படித் திசை மாறியிருக்கிறது.

என்னைத் தூங்கவிடாமல் செய்தது இன்னொரு வழக்கு. இன்றைய லாட்வியாவில் இருக்கும் ஊர். அன்று அது லிவோனியா. ஸ்வீடன் ஆட்சி, ஜெர்மானிய நிலக்கிழார்கள், லாட்விய விவசாயிகள். 1691-ல் ஒரு சர்ச் திருட்டு வழக்கில் தீஸ் என்ற எண்பது வயது தாண்டிய கிழவர் சாட்சி சொல்ல வந்தார். அவர் சத்தியப் பிரமாணம் எடுத்ததும் இன்னொரு சாட்சி சிரித்துவிட்டார். ஏன் சிரித்தாய் என்று நீதிபதிகள் கேட்க, இவர் ஓநாய் மனிதர் என்பது ஊருக்கே தெரியுமே, இவர் எப்படி சத்தியம் செய்யலாம் என்றார். கிழவர் மறுக்கவில்லை. ஆமாம், ஆனால் பத்து வருடமாக விட்டுவிட்டேன் என்றார்!

திருட்டு வழக்கு ஓநாய் வழக்காகிவிட்டது. கிழவர் சொன்ன கதை நீதிபதிகள் கேள்விப்பட்ட எந்தக் கதையிலும் சேரவில்லை. நாங்கள் சாத்தானின் ஆட்கள் இல்லை, கடவுளின் நாய்கள் என்றார். வருடத்துக்குச் சில குறிப்பிட்ட இரவுகளில் ஓநாயாகி நரகத்துக்குப் போவார்களாம். சூனியக்காரர்கள் திருடிக்கொண்டு போய் வைத்திருக்கும் தானியத்தையும் விளைச்சலையும் சண்டை போட்டு மீட்டுக்கொண்டு வருவார்களாம். அந்தச் சண்டையில் சூனியக்காரன் ஒருவன் துடைப்பக் கட்டையால் அடித்ததில்தான் மூக்கு உடைந்தது என்றும் சொன்னார். நீதிபதிகள் சாத்தானோடு ஒப்பந்தம் போட்டதாக ஒப்புக்கொள்ள வைக்க எவ்வளவோ பார்த்தார்கள். பாதிரியாரும் வந்து பார்த்தார். கிழவர் அசையவில்லை. 1692-ல் கசையடியும் ஊரை விட்டு வெளியேற்றலும் தண்டனையாகக் கிடைத்தன. பிற்காலத்தில் இத்தாலிய வரலாற்றாசிரியர் கார்லோ கின்ஸ்பர்க் இந்த வழக்கை எடுத்து எழுதியதால் உலகம் அறிந்தது.

மேலே இருப்பவன் ஒரு பெயர் வைக்கிறான். அந்தப் பெயருக்குள் தனக்கென ஒரு கதையை வைத்து, அதை எண்பது வயதிலும் விட்டுக்கொடுக்காமல் நின்ற விவசாயி. நம்மில் எத்தனை பேருக்கு அந்தத் தைரியம் வரும்?

இருபதாம் நூற்றாண்டில் ஓநாய் சினிமாவுக்குப் போனது. 1941 டிசம்பரில் அமெரிக்காவில் வந்த தி வுல்ஃப் மேன் படம்தான் இன்றைக்கு நமக்குத் தெரிந்த ஓநாய் மனிதனை வார்த்தது. வெள்ளிப் பூண் போட்ட கைத்தடியால்தான் ஓநாய் சாகும். எழுதியவர் கர்ட் சியோட்மாக். ஜெர்மனியின் டிரெஸ்டனில் பிறந்த யூதர். நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும் நாட்டை விட்டு ஓடியவர். அவர் படத்தில் ஓநாய் மனிதன் கெட்டவன் இல்லை. தன் தப்பு எதுவும் இல்லாமல், ஒரு ராத்திரியில் வேறு ஆளாக்கப்பட்டவன். அடுத்துச் சாகப்போகிறவரின் உள்ளங்கையில் நட்சத்திரக் குறி தெரியும். ஊரை இழந்து வந்த ஒருவர் இதை எழுதினார் என்று தெரிந்தபின் அந்தப் படத்தை விளையாட்டாகப் பார்க்க முடியவில்லை.

அங்கிருந்து 1974-ல் வந்த டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் என்ற மேசை விளையாட்டு. அங்கிருந்து கணினி. 1996-ல் வந்த டாகர்ஃபாலில், அதாவது எல்டர் ஸ்க்ரோல்ஸ் இரண்டாம் பாகத்தில், ஓநாயாவது ஒரு நோய். ஓநாயானவன் குறித்த காலத்தில் ஒரு அப்பாவியைக் கொல்லாவிட்டால் உடம்பு தேய்ந்துவிடும். மாரோவிண்டுக்கு 2003-ல் வந்த பிளட்மூன் என்ற கூடுதல் பாகத்திலும் நோய்தான். ஸ்கைரிமில்தான் மாற்றினார்கள். அங்கே துணைவர்கள் என்ற வீரர் சபையின் உள்வட்டத்தில் சேர்ந்து, ரத்தம் குடிக்கும் சடங்கு செய்து, விரும்பி ஓநாயாக வேண்டும். நோயாக இருந்தது உறுப்பினர் கார்டு ஆகிவிட்டது.

பல்லி, பூனை, எல்ஃப், மனிதன் யாரானாலும் ஆவது ஒரே ஓநாய்தான். நிரல் எழுதியவர்கள் ஓநாயை ஒரு தனி இனமாகவே வைத்து, மாறும் நேரத்தில் பழைய இனத்தை எடுத்துவிட்டு இதை வைக்கிறார்கள். நேரம் முடிந்ததும் பழையது திரும்பும். ஓநாயாக இருக்கும்போது செய்த குற்றம், மாறுவதை யாரும் பார்க்காத வரை, பல்லியின் கணக்கில் ஏறாது. ஒரே ஆளுக்கு இரண்டு கணக்கு, இரண்டுக்கும் தொடர்பில்லை. எங்கள் கிளையில் இப்படிப் பண்ணினால் கேஒய்சி ஆடிட்டில் மாட்டிக்கொள்வோம்.

இதில் ஒரு சிக்கல் உண்டு. ஓநாயானவன் ஆத்மா செத்தபின் ஹர்சீன் என்ற வேட்டைத் தெய்வத்துக்குச் சொந்தம். சபைத் தலைவர் கோட்லாக் என்ற கிழவருக்கு அதுதான் கவலை. நார்டுகளின் சொர்க்கமான சோவன்கார்டுக்குப் போக முடியாதே என்று தவித்து மருந்து தேடுகிறார். அவர் கவலை அவர் இனத்துக் கவலை. அந்தச் சபையில் சேர்ந்த ஆர்கோனியனுக்கு சோவன்கார்டு எதற்கு? அவன் ஆத்மா போக வேண்டியது அவனுடைய மரத்துக்கு. கணக்கு வைத்திருப்பவர் போனபின் இரண்டு நாமினி வந்து நின்றால் யாருக்குப் பணம் என்று மேனேஜர் முழிப்பாரே, அந்தக் கதை. சபையில் அவனிடம் யாரும் மரத்தைப் பற்றிக் கேட்பதில்லை.

இதைப் பையனிடம் சொன்னேன். ஆச்சரியமாகப் பார்த்தான், அப்பா இவ்வளவு படித்தாரா என்று. கேட்டேன், ஏன்டா பத்து இனம் இருக்கு, இந்தப் பல்லியை எதுக்கு எடுத்தே?

"இவன் ஆளுங்கள ஊருக்குள்ள விட மாட்டாங்கப்பா. அதனால எடுத்தேன்."

"அப்புறம் ஏன் ஓநாய் ஆக்கினே?"

கொஞ்ச நேரம் மவுஸை உருட்டினான். "ஓநாயானா இவன் எந்த ஊருன்னு யாரும் கேக்க மாட்டாங்கல்ல."

பள்ளியில் அவனை ஏதோ ஒரு பட்டப்பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள் என்று அவன் அம்மா போன வருடமே சொல்லியிருந்தாள். நான்தான், பசங்க விளையாட்டு, விடு என்றேன். மூன்று வருடத்துக்கு ஒரு டிரான்ஸ்ஃபர், ஊருக்கு ஒரு பள்ளிக்கூடம். நான் மட்டும் என்ன? கவுன்ட்டரில் கூட்டம் இருக்கும்போது ஊரிலிருந்து அம்மா போன் பண்ணினால், அப்புறம் கூப்பிடுகிறேன் என்பதைக்கூட இந்தியில் சொல்லி வைத்தவன்தானே. அவள் அந்தப் பக்கம் என்ன புரிந்துகொண்டாள் என்று இதுவரை கேட்டதில்லை.

அன்று இரவு பையனுக்கு தீஸ் கிழவரின் கதையைச் சொன்னேன். தமிழில்தான், முழுக்க. துடைப்பக் கட்டை வந்த இடத்தில் சிரித்தான். கசையடி வந்த இடத்தில் சிரிக்கவில்லை.

நேற்று கேட்டேன், கோட்லாக் தேடின மருந்து கிடைச்சுதா, உன் ஆளைக் குணமாக்கிட்டியா?

"கிடைச்சிருச்சுப்பா. கையில வெச்சிருக்கேன். இன்னும் முடிவு பண்ணல."

அவசரமில்லை. யோசிக்கட்டும். இன்று மதியம் அம்மா போன் வந்தது. கவுன்ட்டர் முன்னால் பதினைந்து பேர் நின்றார்கள். "அம்மா, கூட்டமா இருக்கு, சாயந்திரம் பேசறேன்" என்றேன். ஒருத்தரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.