பிடிகொடுக்காத புத்தகம்: சில்மரிலியனும் அதன் வாசகர்களும்

1977ஆம் ஆண்டு அமெரிக்காவில் மிக அதிகமாக விற்ற புனைகதை நூல் எது என்று பப்ளிஷர்ஸ் வீக்லி இதழின் ஆண்டுப் பட்டியலைப் புரட்டினால், முதலிடத்தில் ஜே. ஆர். ஆர். டோல்கீனின் 'சில்மரிலியன்' இருப்பதைக் காணலாம். காலின் மெக்கல்லோவின் 'தார்ன் பேர்ட்ஸ்' கூட அதற்கு அடுத்த இடத்தில்தான். அதே ஆண்டில் மிக அதிகமாகப் பாதியில் மூடி வைக்கப்பட்ட நூல் எது என்று யாரும் பட்டியலிடவில்லை. இட்டிருந்தால் அதிலும் இந்நூலே முதலிடம் பெற்றிருக்கும் என்று துணிந்து சொல்லலாம்.

மிகுபுனைவை விரும்பிப் படிக்கும் நம்மில் பலருக்கும் இது புதிய செய்தியல்ல. 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' தந்த மயக்கத்தில் இதைக் கையிலெடுத்து, நாற்பதாம் பக்கத்தில் திணறி, அலமாரிக்குத் திருப்பி அனுப்பியவர்கள் உலகெங்கும் உண்டு. நூலின் அமைப்பே அத்தகையது. மொத்தம் ஐந்து பகுதிகள். முதற்பகுதியில் ஏக இறைவனின் முன்னிலையில் தேவகணங்கள் பாடும் இசையிலிருந்து உலகம் பிறக்கிறது. இரண்டாவது, அத்தேவகணங்களின் பெயரும் இயல்பும் கூறும் வரிசை. மூன்றாவதுதான் நூலின் உடல். சாவற்ற எல்ஃப் இனத்தின் ஒப்பற்ற கைவினைஞனான ஃபியனோர் செய்த மூன்று ஒளிமணிகள் களவு போகின்றன. அவற்றை மீட்பதாக அவனும் அவனுடைய ஏழு மகன்களும் செய்யும் சபதம், நூற்றாண்டுக் கணக்கில் நீளும் போராகவும், சொந்தக் குலத்தையே வெட்டிச் சாய்க்கும் படுகொலைகளாகவும் 24 அத்தியாயங்களில் விரிந்து, ஏறக்குறைய எல்லா அரசுகளையும் தின்று தீர்க்கிறது. நான்காம் பகுதியில் ஒரு பெருந்தீவு தன் ஆணவத்தால் கடலில் மூழ்குகிறது. ஐந்தாம் பகுதியில், முந்தைய நாவல் மூன்று தொகுதிகளில் சொன்ன கதை சில பக்கங்களில் அடங்கிவிடுகிறது.

வாசகர் சொன்ன முதல் குறை, பெயர்கள். ஃபின்வே, அவன் மக்கள் ஃபிங்கோல்ஃபின், ஃபினார்ஃபின், அவர்கள் மக்கள் ஃபிங்கோன், ஃபின்ரோட் என்று வரும்போது எவன் தந்தை, எவன் மகன் என்று தலை சுற்றாமல் இருக்க முடியாது. போதாக்குறைக்கு டூரின் என்பவன் ஊருக்கு ஒரு பெயர் சூடிக்கொள்கிறான். விராட பருவத்தில் அர்ச்சுனன் உத்தரனுக்குத் தன் பத்துப் பெயர்களைக் காரணத்தோடு சொல்வதைக் கேட்டு வளர்ந்த நமக்கு இது ஒரு குறையாகப் படக்கூடாதுதான். ஆனால் அர்ச்சுனனை நாம் படிப்பதற்கு முன்பே அறிவோம். டூரினை யார் அறிவார்?

இரண்டாவது குறைதான் ஆழமானது. இந்நூலில் ஹாபிட்கள் இல்லை. அதாவது, பெருங்கதைக்குள் நம் கைப்பிடித்து அழைத்துச் செல்லும், பசியும் பயமும் வேடிக்கைப் பேச்சும் கொண்ட எளிய மனிதர் எவரும் இல்லை. எல்லாம் மிகத் தொலைவில், மலையுச்சியிலிருந்து பார்ப்பதுபோல நடக்கின்றன.

இவ்விரு குறைகளும் 1977இல் பிறந்தவை அல்ல என்பதே நாம் இங்கே சொல்ல வந்தது. நூல் அச்சேறுவதற்கு நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே, இதைப் படிக்காத ஒருவரால் அவற்றுள் முதலாவது எழுத்தில் பதிவாகிவிட்டது. அந்த வரலாற்றைக் கொஞ்சம் பின்னோக்கிப் போய்த்தான் தொடங்க வேண்டும்.

டோல்கீன் சாம் போர்க்களத்திலிருந்து அகழிக் காய்ச்சலோடு 1916இன் இறுதியில் இங்கிலாந்து திரும்பினார். நெருங்கிய நண்பர் இருவரை அவ்வாண்டுப் போர் கொண்டுபோயிருந்தது. மருத்துவமனையிலும் ஓய்விலும் இருந்த அந்த மாதங்களில் அவர் எழுதிய முதல் கதை 'கொண்டோலினின் வீழ்ச்சி'. மலைகளுக்கு நடுவே மறைந்திருந்த நகரம் ஒன்று துரோகத்தால் காட்டிக்கொடுக்கப்பட்டு, இரும்பாலும் வெண்கலத்தாலும் ஆன அரவங்களால் நசுக்கப்படும் கதை அது. பீரங்கி வண்டிகள் முதன்முதலாகப் போரில் இறங்கியது 1916 செப்டம்பர் 15, அதே சாம் போரில். சில்மரிலியன் வெளிவந்ததும் ஒரு செப்டம்பர் 15 அன்றுதான் என்பது தற்செயல். ஆனாலும் நமக்கு அது உறுத்துகிறது. இந்நூலின் இருளைக் கற்பனை அலங்காரம் என்று ஒதுக்குவோர் இந்தப் பிறப்பிடத்தை நினைவில் கொள்வது நல்லது.

அக்கதைக்கு முதல் அவை 1920 மார்ச்சில், ஆக்ஸ்ஃபோர்டின் எக்ஸெட்டர் கல்லூரிக் கட்டுரைக் கழகத்தில் கூடியது. டோல்கீன் அதை வாய்விட்டுப் படித்தார். கேட்ட மாணவர்களில் பிற்காலத்தில் அவருடைய இலக்கிய நண்பர்களாகவிருந்த நெவில் காக்ஹில், ஹ்யூகோ டைசன் ஆகியோரும் இருந்தனர். அவை அதை வரவேற்றது. படிப்பதற்கும் கேட்பதற்கும் உள்ள வேறுபாட்டை இங்கே கவனிக்க வேண்டும். குரல் ஒன்று கூடவே இருக்கும்போது பெயர்கள் அச்சுறுத்துவதில்லை.

அடுத்த பெரிய வாசகர் சி. எஸ். லூயிஸ். 1929 டிசம்பரில் பெரன்-லூதியன் காதலைப் பாடும் நெடுங்கவிதையின் தட்டச்சுப் படியை அவர் இரவு வெகுநேரம் விழித்திருந்து படித்தார். பின்னர் அவர் அனுப்பிய விமர்சனம், நாம் அறிந்த வாசக எதிர்வினைகளிலேயே மிக இனிமையானது. கவிதையைப் பல சுவடிகளில் கிடைத்த பழம் பிரதியாக பாவித்து, பீபாடி, பம்பர்நிக்கல் என்றெல்லாம் இல்லாத பண்டிதர்களை உருவாக்கி, அவர்கள் பாடபேதம் பற்றிச் சண்டையிடுவதுபோல உரை எழுதினார். பலவீனமான வரிகளை 'இடைச்செருகல்' என்று அந்தப் பண்டிதர்கள் கண்டித்தனர்! டோல்கீன் சிரித்திருப்பார். ஆனால் பல இடங்களைத் திருத்தவும் செய்தார். இந்த எழுத்து நாவலாக அல்ல, தொன்மையான சுவடியாகப் படிக்கப்பட வேண்டியது என்பதை லூயிஸ் விளையாட்டாகவே கண்டுகொண்டுவிட்டார் என்பது நம் எண்ணம். அந்த அறிவு பிறகு வந்த வாசகர்களுக்கு எட்ட அரை நூற்றாண்டு ஆயிற்று.

1937 செப்டம்பரில் 'ஹாபிட்' வெளிவந்து நன்றாக விற்றது. பதிப்பாளர் ஸ்டான்லி அன்வின் அடுத்த நூல் கேட்டார். நவம்பரில் டோல்கீன், குழந்தைக் கதைகளோடு சேர்த்து, முற்றுப்பெறாத அந்தக் காதல் கவிதையையும் சில்மரிலியனின் உரைநடைக் கையெழுத்துப் படியையும் ஒப்படைத்தார். கவிதை, பதிப்பக மதிப்பீட்டாளர் எட்வர்ட் கிராங்க்‌ஷாவிடம் போயிற்று. பின்னாளில் சோவியத் ரஷ்யா பற்றிய நூல்களால் பெயர்பெற்ற அதே கிராங்க்‌ஷாதான். தம் கையில் இருப்பது உண்மையான கெல்டிக் தொன்மத்தின் மொழிபெயர்ப்பா, ஒருவருடைய சொந்தப் புனைவா என்றே அவருக்கு விளங்கவில்லை. கவிதை அவருக்குப் பிடிக்கவில்லை. கதையை முடித்துக்காட்டுவதற்காகக் கூடவே இணைத்திருந்த சில உரைநடைப் பக்கங்கள் மிகவும் பிடித்தன. ஆனால் அந்தப் பெயர்கள் கண்ணைப் பிளக்கின்றன என்று சலித்துக்கொண்டார்.

அன்வின் நாசூக்கானவர். பாராட்டை மட்டும் ஆசிரியருக்கு அனுப்பிவைத்தார். தம் உயிரான நூல் ஏளனத்தோடு தள்ளப்படவில்லை என்று டோல்கீன் மகிழ்ந்து பதில் எழுதினார். பெயர்கள் கெல்டிக் அல்ல என்று மறுக்கவும் தவறவில்லை. ஆனால் சில்மரிலியனின் முழுக் கையெழுத்துப் படியை அன்று பதிப்பகத்தில் எவரும் படித்ததற்குச் சான்றே இல்லை என்பதை அவர் மகன் கிறிஸ்டோபர் 1985இல் ஆவணங்களோடு எடுத்துக்காட்டினார். படிக்கப்பட்டது கவிதையும் சில பக்கங்களும் மட்டுமே. தந்தையோ, நூல் படித்துத்தான் திருப்பி அனுப்பப்பட்டது என்ற எண்ணத்துடனேயே இருந்தார். ஒருபோதும் நிகழாத வாசிப்பு ஒன்று ஓர் எழுத்தாளனின் வாழ்க்கையைத் திசைதிருப்பிவிட்டது. அந்த டிசம்பர் 19க்குள் புதிய ஹாபிட் கதையின் முதல் அத்தியாயத்தை எழுதி முடித்துவிட்டதாக அவர் தெரிவித்தார். அதுவே 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' ஆயிற்று.

அதை எழுதி முடித்தபின் இரண்டையும் ஒன்றாக வெளியிட வேண்டுமென்று அவர் பிடிவாதம் பிடித்ததும், காலின்ஸ் பதிப்பகத்தின் மில்டன் வால்ட்மனுக்கு ஏறத்தாழ 10,000 சொற்களில் தம் உலகை விளக்கிக் கடிதம் எழுதியதும், அங்கும் நீளம் கண்டு தயங்கியதும் பலர் எழுதிவிட்டவை. 1952 ஜூனில் அவர் இறங்கிவந்தார். நாவல் 1954-55இல் தனியாக வெளிவந்தது. அதன்பின் நிலைமை தலைகீழாயிற்று. நாவலுக்குள் போகிறபோக்கில் பாடப்பட்ட பெரனையும் கொண்டோலினையும் பற்றி முழுதும் அறிய வேண்டும் என்று வாசகர்களே கேட்கத் தொடங்கினர். அந்த வேண்டுகோள்களை டோல்கீன் மகிழ்ச்சியும் அச்சமும் கலந்தே எதிர்கொண்டார். தொலைவில் மங்கலாகத் தெரியும் நகரத்தின் கவர்ச்சி, அங்கே போய் நின்றால் கலைந்துவிடுமே என்ற தயக்கத்தை 1963ஆம் ஆண்டுக் கடிதம் ஒன்றில் வெளியிட்டிருக்கிறார். 1966 கோடையில் அமெரிக்கப் பேராசிரியர் கிளைட் கில்பி உதவிக்கென்றே ஆக்ஸ்ஃபோர்டு வந்து கையெழுத்துப் படிகளைப் படித்தார். அப்போதும் நூல் முடியவில்லை. 1973 செப்டம்பரில் ஆசிரியர் மறைந்தார்.

கிறிஸ்டோபர், கை கவ்ரியல் கே என்ற கனடா நாட்டு இளைஞரின் துணையோடு, ஒன்றுக்கொன்று முரண்படும் பல படிகளிலிருந்து ஒரே சீரான கதையை நெய்தெடுத்தார். (அந்த இளைஞர் பிற்காலத்தில் தாமே பெயர்பெற்ற மிகுபுனைவு நாவலாசிரியரானார்.) 1977இல் நூல் வந்தபோது விமர்சகர்கள் இரண்டுபட்டனர். நியூயார்க் ரிவ்யூ ஆஃப் புக்ஸில் ராபர்ட் ஆடம்ஸ் உள்ளீடற்ற பகட்டு என்றும் வெறும் சலிப்பு என்றும் ஒதுக்கித் தள்ளினார். நியூ ஸ்டேட்ஸ்மனில் பீட்டர் கான்ராட், டோல்கீனுக்கு எழுதவே தெரியாது என்ற அளவுக்குப் போனார். நியூயார்க் டைம்ஸில் எழுதிய ஜான் கார்ட்னர் மட்டும் நிதானம் காட்டினார். இடைக்கால இலக்கியம் கற்றவர், 'கிரெண்டல்' எழுதிய நாவலாசிரியர். ஆகவே இது எந்த மரபில் வருகிறது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. ஆசிரியரின் ஒட்டுமொத்தத் தரிசனத்தை வியந்து, நூல் முந்தைய நாவலுக்குக் கீழே நிற்பதற்கு இதில் கம்பீரத்தைத் தவிர வேறொன்றும் இல்லாததே காரணம் என்றார். அன்றைய மதிப்புரைகளில் இன்றும் நிற்பது இதுவே. மிகுபுனைவு வாசகர்களோ 1978இல் லோகஸ் விருதை இதற்கு வாக்களித்து அளித்தனர்.

இத்தனைக்கும் நடுவே ஒரு வாசகர் எல்லோரையும்விடக் கடுமையாக இந்நூலைப் படித்துக்கொண்டிருந்தார். அவர் பதிப்பாசிரியரான மகன். டாம் ஷிப்பி 1982இல் எழுதிய ஆய்வில், இந்நூல் எப்படி வந்திருந்தாலும் படிக்கக் கடினமானதாகவே இருந்திருக்கும் என்றார். கிறிஸ்டோபர் 1983இல் அதற்கு முகங்கொடுத்து எழுதிய முன்னுரை ஒவ்வொரு பதிப்பாசிரியரும் படிக்க வேண்டியது. கதையை யார் சொல்கிறார், யாருக்குச் சொல்கிறார் என்ற சட்டகம் இல்லாமல் நூலைத் தனித்து வெளியிட்டது பிழை என்று அவரே கருதினார். தந்தையின் பழைய படிகளில் அச்சட்டகம் இருந்தது. கடல் கடந்து எல்ஃப்களின் தீவை அடையும் பயணி ஒருவன் அடுப்பங்கரையில் அமர்ந்து கதை கேட்கிறான்.

நைமிசாரண்யத்தில் முனிவர்கள் கேட்க, சூதர் சொல்லத் தொடங்கும் பாரதத்தை அறிந்த நமக்கு இது எவ்வளவு பெரிய இழப்பு என்பது சட்டென விளங்கும். கேட்பவர் ஒருவர் கதைக்குள் இருந்தால், வம்சாவளியும் பெயர்வரிசையும் பாரமாவதில்லை. நாம் கேட்க நினைப்பதை அவர் கேட்டுவிடுகிறார். 1920இல் எக்ஸெட்டர் கல்லூரி அவைக்குக் கிடைத்து, 1977இன் வாசகருக்குக் கிடைக்காமற்போனது இதுவே.

கிறிஸ்டோபர் அந்தக் கணக்கைத் தீர்க்க 1983 முதல் 1996 வரை பன்னிரண்டு தொகுதிகளில் தந்தையின் கையெழுத்துப் படிகளை உள்ளபடியே, முரண்களோடும் அடித்தல் திருத்தல்களோடும் வெளியிட்டார். டோரியாத் அரசின் அழிவைக் கூறும் அத்தியாயத்தில் தாமும் கேயும் சேர்ந்து புதிதாக இட்டுக்கட்டியவை எவை என்பதையும் 1994இல் மறைக்காமல் சொல்லி வருந்தினார்.

மக்களை விலக்கியது நூலின் இருள் என்று கருதுவோருக்கு 2007இல் ஒரு விடை கிடைத்தது. அவ்வாண்டு வந்த 'ஹூரினின் மக்கள்', சில்மரிலியனில் ஓர் அத்தியாயமாக இருந்த டூரின் கதையின் விரிவான வடிவம். நண்பனை அறியாமல் கொன்று, தங்கையை அறியாமல் மணந்து, தன் வாளிலேயே வீழும் ஒருவன் கதை. முழு நூலிலும் இதைவிட இருண்டது இல்லை. முப்பது ஆண்டுகளாகச் சில்மரிலியனைத் தாண்ட முடியாதவர்கள் இதை ஒரே மூச்சில் படித்தனர். கதையும் இருளும் அதேதான். தொலைவு மட்டும் குறைந்திருந்தது. ஒருவனுடைய தோளுக்குப் பின்னால் நின்று நாம் அவனோடு நடக்க முடிந்தது.

கிறிஸ்டோபர் கடைசியாக வெளியிட்ட நூல் 2018 ஆகஸ்டில் வந்தது. 2020 ஜனவரியில் அவர் காலமானார். அந்தக் கடைசி நூல் 'கொண்டோலினின் வீழ்ச்சி'. ஆக்ஸ்ஃபோர்டு மாணவர் சிலர் ஒரு மாலையில் காதால் கேட்ட கதை, தனக்கென ஓர் அட்டையோடு வாசகர் கைக்கு வர 98 ஆண்டுகள் ஆகியிருந்தன.